அரிஸ்ரோட்டிலின் வீட்டில் இருந்தவர்கள்

(நூற்றாண்டு விழாவின் பிற்பகல் அமர்வில் ஆற்றிய உரை. மலருக்காகச் சில இடங்கள் சுருக்கப்பட்டுள்ளன.)



சங்கச் செயலாளர் தொலைபேசியில் அழைத்து, "பழைய ஞாபகங்களைக் கொஞ்சம் சொல்லுங்கோ" என்றுதான் கேட்டார். ஆனால் விடுதிச் சோற்றைப் பற்றியும் இல்ல விளையாட்டுப் போட்டியைப் பற்றியும் காலையிலேயே அக்காமார் என்னைவிட நன்றாகச் சொல்லிவிட்டார்கள். நான் பேச விரும்பியது வேறொன்று. இந்தப் பாடசாலையின் ஒரு வகுப்பறையில் தொடங்கி, பேராதனைப் பல்கலைக்கழகத்தில் ஓர் ஆய்வுக்கட்டுரையாக முடிந்த ஒரு வாசிப்பைப் பற்றியது. தலைப்பைச் சொன்னபோது செயலாளர் சற்று நேரம் பேசவில்லை. 'பண்டைய கிரேக்க மெய்யியலாளர் அடிமை முறையை எப்படி நியாயப்படுத்தினார்கள்' என்பது தேநீருக்கு முன்னர் பேசுகிற விடயமல்ல என்பது எனக்கும் தெரியும். இருந்தாலும் இடம் தந்தார். அவருக்கு என் நன்றி.

உயர்தரத்தில் கிரேக்க உரோமன் நாகரிகம் எடுத்தவர்கள் எங்கள் ஆண்டில் நான்கு பேர். பாடப்புத்தகம் என்று ஒன்று கையில் இல்லை. ரீச்சர் தன் கைப்பட எழுதிய குறிப்புகளை முறை வைத்து வாங்கி, பார்த்து எழுதுவோம். ஏதென்ஸின் மக்களாட்சியைப் படிப்பித்த அன்று ரீச்சர் குறிப்புப் புத்தகத்தை மூடி வைத்துவிட்டு ஒரு கேள்வி கேட்டார். "இந்த மனுசர் எல்லாரும் விடிய எழும்பிச் சந்தைக்கும் சபைக்கும் போய் நீதி எண்டால் என்ன, அறம் எண்டால் என்ன எண்டு கதைச்சுக்கொண்டு நிண்டவை. அப்ப வீட்டில உலை வைச்சது ஆர்?"

"பெண்கள்" என்று நான்தான் முந்திக்கொண்டு சொன்னேன். ரீச்சர் சிரித்தார். "பெண்கள் மட்டுமோ?" என்றார். மணி அடித்துவிட்டது. பாடத்திட்டத்தில் அந்தக் கேள்வி இல்லாததால் அடுத்த நாள் நாங்கள் பாரசீகப் போருக்குப் போய்விட்டோம்.

பேராதனையில் மெய்யியலைச் சிறப்புப் பாடமாகப் படித்து, இறுதியாண்டு ஆய்வுக்குத் தலைப்புத் தேடியபோது எனக்கு அந்தக் கேள்வி ஞாபகம் வரவில்லை. பெண்கள் பாடசாலையிலிருந்து போனவள் அல்லவா, அரிஸ்ரோட்டில் பெண்களைப் பற்றிச் சொன்னதற்கு நன்றாகப் பதில் கொடுக்க வேண்டும் என்ற வேகத்தோடுதான் 'அரசியல்' நூலைத் திறந்தேன். தேடியது கிடைத்தது. முதற் புத்தகம், பதின்மூன்றாம் அதிகாரம். ஆலோசித்து முடிவெடுக்கும் ஆற்றல் பெண்ணுக்கு உண்டு, ஆனால் அதற்கு அதிகாரம் இல்லை என்கிறார். அவர் பயன்படுத்தும் கிரேக்கச் சொல் 'அக்கூரொன்'. செல்லுபடியாகாத சட்டத்தைச் சொல்லவும் அதே சொல்தான் வரும். புத்தி இருக்கிறது, ஆனால் செல்லாது. சற்றுத் தள்ளி, பெண்ணுக்கு அழகு மௌனம் என்ற ஒரு நாடக வரியையும் சொபோக்கிளிஸிடமிருந்து துணைக்கு அழைத்துக்கொள்கிறார்.

ஆத்திரத்தோடு இருபது பக்கம் எழுதிக்கொண்டு போய் என் மேற்பார்வையாளரிடம் கொடுத்தேன். அவர் ஒரு கிழமை வைத்திருந்து வாசித்தார். திருப்பித் தந்தபோது ஓரிடத்தைத் தவிர வேறெங்கும் ஒரு கீறலும் இல்லை.

"பிள்ளை, நீர் அரைவாசி வசனத்தைத்தான் வாசிச்சிருக்கிறீர்" என்றார். "மற்ற அரைவாசி ஆரைப் பற்றினது?"

திரும்பப் பார்த்தேன். உண்மைதான். பெண்ணுக்கு அந்த ஆற்றல் உண்டு, அதிகாரம் இல்லை. பிள்ளைக்கு உண்டு, முதிரவில்லை. இந்த இரண்டுக்கும் முன்னால், அதே மூச்சில் இன்னொன்று நிற்கிறது: அடிமைக்கு அது அறவே இல்லை. அதை நான் பார்த்தும் பார்க்காமல் கடந்து போயிருந்தேன். எனக்கு வந்த அவமானத்தை மட்டும் கோடிட்டிருந்தேன். எனக்குக் குறைவாகக் கொடுத்துவிட்டார் என்று சண்டை பிடித்தேனே தவிர, ஒருவனுக்கு ஒன்றுமே கொடுக்கவில்லை என்பதைக் கவனிக்கவில்லை. இன்னுமொன்று: அடிமைப் பெண் இந்த மூன்று வகையில் எதற்குள் வருவாள்? பெண் என்றால் ஆற்றல் உண்டு. அடிமை என்றால் இல்லை. அரிஸ்ரோட்டில் அந்தக் கேள்வியைக் கேட்டுக்கொள்ளவேயில்லை. நானும் கேட்கவில்லை.

ஆய்வுத் தலைப்பு அன்றைக்கு மாறியது.

முதலில் எனக்குப் புரிய வேண்டியிருந்தது, அவர் ஏன் இதை எழுதினார் என்பது. அடிமைகளை வைத்திருந்த கிரேக்கர் பெரும்பாலானோருக்கு அதற்கு நியாயம் சொல்லும் தேவை இருக்கவில்லை. போரில் தோற்றாய், கடற்கொள்ளையரிடம் பிடிபட்டாய், அது உன் கெட்ட காலம்; இல்லாமலும் எங்களுக்கு முடியாது. அவ்வளவுதான். பேர்னாட் வில்லியம்ஸ் என்ற ஆங்கில மெய்யியலாளர் 1993 இல் வெளியிட்ட ஒரு நூலில் இதை நன்றாக எடுத்துக்காட்டினார்: அடிமை முறை தவிர்க்க முடியாதது என்றுதான் கிரேக்கர் நினைத்தார்கள், அது நீதியானது என்று நிறுவ முயன்றது அரிஸ்ரோட்டிலின் தனிக் காரியம். அப்படியானால் யாரோ அது நீதியல்ல என்று சொல்லியிருக்க வேண்டும். சொல்லியிருக்கிறார்கள். அடிமை, எசமான் என்ற பேதம் மனிதர் வகுத்த சட்டத்தால் வந்தது, இயற்கையில் அப்படி இல்லை, வன்முறையில் தங்கி நிற்பதால் அது அநீதி என்று சிலர் கருதுவதாக மூன்றாம் அதிகாரத்தில் அவரே எழுதுகிறார். யார் அந்தச் சிலர் என்று பெயர் சொல்லவில்லை.

ஒரு பெயர் மட்டும் வேறு வழியாக நமக்குக் கிடைக்கிறது: அல்கிடாமஸ். கோர்கியாஸின் மாணவர், பேச்சுக்கலை ஆசிரியர். மெசேனியா நாட்டவரைப் பல தலைமுறைகளாக ஸ்பார்ட்டா பண்ணை அடிமைகளாக வைத்திருந்தது. கி.மு. 370, 369 அளவில் தீப்ஸ் நகரத் தளபதி எப்பமினொண்டாஸின் படை வந்து அவர்களை விடுவித்தது. அதை ஆதரித்து அல்கிடாமஸ் ஓர் உரை எழுதினார். அரிஸ்ரோட்டில் தன் 'சொற்கலை' நூலில் இயற்கைச் சட்டத்துக்கு உதாரணமாக, 'அல்கிடாமஸ் சொல்வது போல' என்று தொடங்குகிறார். ஆனால் அல்கிடாமஸ் சொன்ன வாக்கியம் நம் கைக்கு வந்திருக்கும் பிரதிகளில் இல்லை. அது எப்படி மிஞ்சியது என்றால், பிற்காலத்து உரைகாரர் ஒருவர் அந்த இடத்துக்கு எழுதிய குறிப்பில் அதைத் தந்திருக்கிறார். கடவுள் எல்லோரையும் சுதந்திரமாக விட்டார், இயற்கை எவரையும் அடிமையாக ஆக்கவில்லை என்பது அதன் சாரம். கிரேக்க உலகத்திலிருந்து நமக்கு மிஞ்சியவற்றில் இவ்வளவு வெளிப்படையாக இதைச் சொன்ன வாக்கியம் வேறு எனக்குத் தெரியாது. அதுவும் வந்து சேர்ந்தது ஓரக் குறிப்பு வழியாகத்தான்.

பிளேட்டோவைப் பற்றி அதிகம் சொல்ல நேரமில்லை. கிரேக்கரைக் கிரேக்கர் அடிமையாக்கக் கூடாது என்று 'குடியரசு' நூலில் சொல்கிறார். மற்றவர்களைப் பற்றி அந்தத் தயக்கம் இல்லை. 'மெனோ' உரையாடலில் சோக்கிரட்டீஸ் ஓர் அடிமைப் பையனைக் கூப்பிட்டு, மண்ணில் சதுரம் கீறி, அதன் இரட்டைப் பரப்புள்ள சதுரத்தை அவனைக் கொண்டே கண்டுபிடிக்க வைக்கிறார். இரண்டு தரம் பிழை விட்டு, மூன்றாம் தரம் பையன் சரியாகச் சொல்கிறான். மனித ஆன்மாவுக்குள்ளே அறிவு இருக்கிறது என்பதற்கு அவன் சாட்சி. சாட்சி சொல்லி முடிந்ததும் உரையாடல் அவனை விட்டுவிடுகிறது. கேத்திரகணிதம் செய்த பையனை ஏன் யாரும் விலைக்கு வைத்திருக்க வேண்டும் என்று அங்கே ஒருவரும் கேட்கவில்லை.

அரிஸ்ரோட்டிலின் வாதம் வீட்டிலிருந்து தொடங்குகிறது. வீடு நடக்கக் கருவிகள் வேண்டும். சில உயிரற்றவை, சில உயிருள்ளவை. கப்பலோட்டிக்குச் சுக்கான் உயிரற்ற கருவி, அணியத்தில் நின்று கடலைப் பார்ப்பவன் உயிருள்ள கருவி. அடிமையும் அப்படி உயிருள்ள ஓர் உடைமை. தறியின் நாடா தானாக ஓடி நெய்யுமானால் எசமானுக்கு அடிமை தேவைப்படாது என்றும் சொல்கிறார். (கனடாவிலிருந்து வந்த தோழிகள் சிரிக்கிறார்கள். அங்கே நாடா தானாகத்தான் ஓடுகிறது. ஆனால் அந்தச் சட்டையைத் தைத்தது யார் என்று கழுத்துப் பட்டியில் எழுதியிருப்பதில்லை.) பிறகு: ஆன்மா உடலை ஆள்கிறது, மனிதன் விலங்கை ஆள்கிறான், அதுபோல உடலுழைப்பு மட்டுமே தரக்கூடியவர்களை மற்றவர் ஆள்வது இருவருக்கும் நல்லது. அப்படிப்பட்டவன் இயற்கையிலேயே அடிமை. மற்றவரின் அறிவைப் புரிந்துகொள்ளும் அளவுக்கு அவனிடம் அறிவு உண்டு, சொந்தமாக இல்லை.

மேசையில் வைத்து வாசித்தால் இது ஓர் இறுகிய வாதம் போலத் தோன்றும். ஆனால் அவர் நேர்மையான அவதானி. மீனின் செவுளையும் தேனீயின் கூட்டையும் பார்த்து எழுதியவர். தான் பார்த்ததை மறைக்க அவரால் முடியவில்லை. அதனால் வாதம் அவர் கையிலேயே அவிழ்கிறது.

சுதந்திர மனிதனுக்கு நிமிர்ந்த உடலும் அடிமைக்கு வேலைக்கேற்ற முறுகிய உடலும் கொடுக்க இயற்கை விரும்புகிறது என்கிறார். அடுத்த மூச்சிலேயே, பல தடவை இது எதிர்மாறாக நடந்துவிடுகிறது என்கிறார். அப்படியானால் சந்தையில் நிற்கும் மனிதனைப் பார்த்து இவன் இயற்கை அடிமை என்று கண்டுபிடிப்பது எப்படி? பதில் இல்லை. அடிமைகளோடு கட்டளையாக மட்டும் பேச வேண்டும் என்று பிளேட்டோ 'சட்டங்கள்' நூலில் எழுதியிருந்தார். அரிஸ்ரோட்டில் அதை மறுக்கிறார். பிள்ளைகளைவிட அடிமைகளுக்குத்தான் எடுத்துச் சொல்லித் திருத்துவது அதிகம் தேவை என்கிறார். காரணம் சொல்லித் திருத்தக்கூடியவனிடம் காரணத்தை ஆலோசிக்கும் ஆற்றல் அறவே இல்லை என்று சொல்ல முடியுமா? இரண்டும் ஒரே அதிகாரத்தில் இருக்கின்றன. ஏழாம் புத்தகத்தில், எல்லா அடிமைகளுக்கும் விடுதலையைப் பரிசாகக் காட்டி வைத்திருப்பது நல்லது, ஏன் என்று பிறகு சொல்கிறேன் என்கிறார். நம்மிடம் உள்ள நூலில் அந்த 'பிறகு' வரவேயில்லை. அடிமையாயிருப்பதே ஒருவனுக்கு நன்மை என்றால், விடுதலை அவனுக்கு எப்படிப் பரிசாகும்?

இந்த ஓட்டைகளை நான் கண்டுபிடித்ததாக நினைத்துக்கொள்ள வேண்டாம். அறிஞர்கள் எத்தனையோ காலமாகச் சுட்டிக்காட்டியவைதான். ஆனால் ஒரு மாணவி தானாக ஒரு பக்கத்தைத் திரும்பத் திரும்ப வாசித்து, வாதம் கழன்று போகும் இடத்தில் விரலை வைப்பதில் ஒரு சந்தோசம் இருக்கிறது. அதைப் பொய் சொல்ல விரும்பவில்லை. அந்தச் சந்தோசத்தில் நான் சில மாதம் இருந்தேன்.

"நியாயத்தை வாசிச்சிட்டீர். இனி விலையை வாசியும்" என்றார் மேற்பார்வையாளர்.

கி.மு. 415 இல் ஏதென்ஸில் ஹெர்மஸ் சிலைகளை உடைத்த குற்றத்தில் அகப்பட்டவர்களின் சொத்துகளை அரசு பறித்து ஏலம் விட்டது. அந்தக் கணக்கைக் கல்லில் வெட்டி வைத்தார்கள். துண்டு துண்டாகக் கிடைத்திருக்கிறது. பிரேயஸ் துறைமுகத்தில் குடியிருந்த கெபிசொடோரஸ் என்ற அந்நியரின் சொத்தில் பதினாறு மனிதர்கள். திரேஸ் பெண் 165 திராக்மா. இன்னொரு திரேஸ் பெண் 135. சிரியா ஆள் 301. லீடியப் பெண் 85. கேரியாவைச் சேர்ந்த சிறு பிள்ளை 72. கைத்தொழில் தெரிந்த ஒருவரின் ஒருநாட் கூலி ஏறக்குறைய ஒரு திராக்மா என்று வைத்துக்கொண்டால் கணக்கை நீங்களே பார்த்துக்கொள்ளலாம். பெயர் எதுவும் இல்லை, ஊர் மட்டும். அந்த 72 திராக்மாப் பிள்ளையின் வரியில் நான் நெடுநேரம் நின்றேன். அன்றைக்கு நூலகத்திலிருந்து ஒன்றும் எழுதாமல் திரும்பினேன்.

லவ்ரியோன் வெள்ளிச் சுரங்கங்களுக்கு நிக்கியாஸ் என்ற தளபதி 1,000 அடிமைகளை ஆளுக்கு நாளொன்றுக்கு ஓர் ஓபொல் என்று வாடகைக்கு விட்டிருந்ததாக செனபன் எழுதுகிறார். ஓபொல் என்பது திராக்மாவின் ஆறிலொரு பங்கு. பெலப்பொனேசியப் போரில் ஸ்பார்ட்டா தெக்கெலேயாவைப் பிடித்ததும் 20,000க்கு மேற்பட்ட அடிமைகள் ஏதென்ஸை விட்டு ஓடிப்போனதாக துசிடிடிஸ் சொல்கிறார். அவர்களில் பெரும்பகுதி கைவினைஞர். தங்கள் நன்மைக்காகவே ஆளப்பட்டவர்கள் அவ்வளவு பேர் ஏன் ஓடினார்கள் என்று அரிஸ்ரோட்டில் எங்கும் கேட்கவில்லை.

அவருடைய காலத்து ஏதென்ஸ் சந்தையில் நாணயம் சோதிப்பவர் ஓர் அரச அடிமை. கி.மு. 375 அளவில் வந்த ஒரு சட்டம் 1970 இல் அகோராவில் கல்வெட்டாகக் கிடைத்தது. வெள்ளி நாணயம் நல்லதா கள்ளமா என்று அந்த அடிமை சொல்வதே முடிவு. கள்ளம் என்றால் குறுக்கே வெட்டிப் பறித்துவிடுவார். அவர் ஏற்ற நாணயத்தை வாங்க மறுக்கும் வியாபாரி அன்றைய சரக்கை இழப்பார். ஆலோசித்து முடிவெடுக்கும் ஆற்றல் இல்லாத மனிதரின் முடிவில் ஒரு நகரத்தின் வியாபாரமே நடந்தது. கடமை தவறினால் அவருக்கு 50 கசையடி என்றும் அதே கல்லில் இருக்கிறது. வங்கி நடத்திய பசியொன் அடிமையாக இருந்து, விடுதலை பெற்று, நகரத்தின் பெருஞ் செல்வராகிக் குடியுரிமையும் பெற்றவர். அரிஸ்ரோட்டிலோ ஏதென்ஸில் குடியுரிமையே இல்லாத அந்நியர்.

இனிச் சொல்லப்போவதைச் சொல்வதா விடுவதா என்று இரண்டு நாள் யோசித்தேன்.

விடுமுறைக்கு வீட்டுக்கு வந்து சாப்பாட்டு மேசையில் இருந்து எழுதிக்கொண்டிருந்தேன். அப்போது எங்கள் வீட்டில் தோட்டப் பகுதியிலிருந்து ஒரு பிள்ளை வேலைக்கு நின்றாள். என்னைவிட ஏழு வயது இளையவள். ஐந்தாம் வகுப்போடு படிப்பு நின்றுவிட்டது. அன்று நான் எழுதிக்கொண்டிருந்தது, இயற்கையான எசமானுக்கும் இயற்கையான அடிமைக்கும் பொதுவான நன்மையும் நட்பும் உண்டு என்று அரிஸ்ரோட்டில் சொல்லும் பகுதி. அடுத்த வீட்டு அன்ரி வந்திருந்தார். அந்தப் பிள்ளை தேத்தண்ணி கொண்டுவந்து வைத்துவிட்டுப் போனாள். அம்மா அன்ரிக்குச் சொன்னா: "அவள் எங்கட பிள்ளை மாதிரித்தானே."

அம்மா பொய் சொல்லவில்லை. தைப்பொங்கலுக்கு எனக்கு எடுக்கும்போது அவளுக்கும் சட்டை எடுப்பா. காய்ச்சல் வந்தால் பக்கத்தில் இருந்து பார்ப்பா. அந்தப் பிள்ளை அடிமையும் அல்ல. அவளுக்குச் சம்பளம் இருந்தது, தகப்பன் வந்து வாங்கிக்கொண்டு போவார், கூட்டிக்கொண்டு போக விரும்பினால் போகலாம். சொல்லைக் கண்டபடி நீட்டினால் லவ்ரியோன் சுரங்கத்தில் கிடந்தவர்களுக்கு அநியாயம் செய்வதாகும். ஆனால் அம்மாவின் அந்த வசனத்தை நான் கிரேக்கத்தில் வாசித்திருந்தேன். அன்பு இருக்கிறது என்பதை, கேள்வி கேட்கத் தேவையில்லை என்பதற்குச் சான்றாக வைக்கும் வசனம் அது. அது உண்மையான அன்பாக இருப்பதனால்தான் அதை மறுத்துப் பேச முடிவதில்லை.

அந்த விடுமுறையின் மிச்ச நாட்களில் அவளுக்குப் பின்னேரங்களில் வாசிக்கச் சொல்லிக்கொடுத்தேன். கெட்டிக்காரி. பிறகு நான் பேராதனைக்குத் திரும்பிவிட்டேன். அடுத்த விடுமுறைக்கு வந்தபோது அவள் இல்லை. தகப்பன் வந்து கூட்டிக்கொண்டு போய்விட்டார் என்றார்கள். நான் முகவரி கேட்கவில்லை. ஆய்வுக்கட்டுரைக்கு நல்ல புள்ளி கிடைத்தது.

அரிஸ்ரோட்டில் கி.மு. 322 இல் இறந்தார். அவருடைய மரணசாசனத்தை டயோஜினிஸ் லேர்ட்டியஸ் என்பவர் தன் நூலில் பதிந்து வைத்திருக்கிறார். நான் ஆய்வில் கடைசியாக வாசித்தது அதைத்தான். முதலில் வாசித்திருக்க வேண்டும். அதில் அடிமைகளுக்குப் பெயர் இருக்கிறது. தீக்கொன், பிலோன், ஒலிம்பியஸ், ஒலிம்பியஸின் பிள்ளை: இவர்களுக்கு மகளின் திருமணத்தின்போது விடுதலை. தனக்குப் பணிசெய்த பிள்ளைகள் எவரையும் விற்கக் கூடாது. வைத்திருந்து, உரிய வயது வந்ததும் தகுதி கண்டு விடுதலை கொடுக்க வேண்டும். அம்பிராக்கிஸ் என்ற பெண்ணுக்கு விடுதலை. மகளின் திருமணத்தின்போது அவளுக்கு 500 திராக்மாவும், இப்போது அவளிடம் உள்ள வேலைக்காரச் சிறுமியும்.

ஆம், அந்தச் சிறுமியும். ஒருத்திக்கு விடுதலை எழுதிய அதே வரியில் இன்னொருத்தியை அவளுக்குச் சொத்தாக எழுதினார். அம்பிராக்கிஸுக்குப் பெயர் கிடைத்தது, சிறுமிக்குக் கிடைக்கவில்லை. ஏதென்ஸ் தேசிய தொல்பொருள் அருங்காட்சியகத்தில் ஹெகேசோ என்ற பெண்ணின் கல்லறைக் கல் இருக்கிறது. உங்களில் பலர் படத்தில் பார்த்திருப்பீர்கள். ஹெகேசோ கதிரையில் இருந்து நகையொன்றை எடுத்துப் பார்க்கிறாள். முன்னால் ஒரு பணிப்பெண் பெட்டியைப் பிடித்தபடி நிற்கிறாள். மேலே பெயர் வெட்டியிருக்கிறது: புரொக்செனொஸின் மகள் ஹெகேசோ. பெட்டி பிடித்தவளுக்கு எழுத்து இல்லை.

இயற்கை அடிமை என்று ஒருவன் உண்டென்று உண்மையிலேயே நம்பியவர் தன் வீட்டில் இருந்தவர்களில் ஒருவரையாவது அப்படிக் கருதினாரா? சாசனத்தைப் பார்த்தால் விடுதலைக்குத் தகுதியற்றவர் என்று ஒருவரின் பெயரைக்கூட அவர் எழுதவில்லை. தெரிந்தவர்கள் எல்லோரும் விதிவிலக்கு, விதி, தெரியாதவர்களுக்கு. என் ஆய்வுக்கட்டுரையில் இதைச் சொல்ல எனக்குத் துணிவு வரவில்லை. இன்று சொல்கிறேன்.

அவர் வீட்டில் அவர் இளகினார். ஆனால் புத்தகம் வெளியே போய்விட்டது. 1550 இல் ஸ்பெயினின் வல்லடோலிட் நகரில், அமெரிக்கப் பழங்குடிகளைப் போரால் அடக்குவது நியாயமா என்று வாதிக்க ஒரு சபையைக் கூட்டியபோது, நியாயம்தான் என்று வாதிட்ட செபுல்வேடா 'அரசியல்' நூலை இலத்தீனில் மொழிபெயர்த்தவர். இயற்கை அடிமைகள் இவர்களே என்றார். எதிர்த்து நின்ற லாஸ் காசாஸ் பாதிரியார், இந்த மக்கள் அந்த வகைக்குள் வரமாட்டார்கள் என்று நாட்கணக்காக வாதாடினார். பெரிய மனிதர். ஆனால் முன்னொரு காலத்தில் பழங்குடிகளைக் காப்பதற்காக ஆபிரிக்க அடிமைகளைக் கொண்டுவரலாம் என்று யோசனை சொன்னவரும் அவரே. பின்னர் அதற்கு மனம் வருந்தி எழுதி வைத்தார். அரைவாசி வசனம் வாசிப்பது எனக்கு மட்டும் வந்த நோயல்ல.

வாய்மொழிப் பரீட்சைக்கு முதல்நாள் மேற்பார்வையாளர், "தேசவழமை வாசிச்சனீரா?" என்று கேட்டார். காணி, சீதனம், முதுசம் என்றால் தேசவழமை என்பது எல்லோரையும் போல எனக்கும் தெரியும். யாழ்ப்பாணத்து வழக்கங்களைத் திரட்டி ஒல்லாந்தர் 1707 இல் ஆக்கிய அந்தத் தொகுப்பில் அடிமைகளைப் பற்றித் தனியே ஒரு பகுதி இருப்பது தெரியாது. கோவியர், நளவர், பள்ளர் என்று சாதிப் பெயர்களோடு இருக்கிறது. பிரித்தானியர் 1806 இல் தேசவழமையைச் சட்டமாக ஏற்றுக்கொண்டார்கள். இலங்கையில் அடிமை முறை சட்டப்படி முற்றாக ஒழிந்தது 1844 இல். அந்தப் பகுதியை வாசித்தபோது என்னைத் திகைக்க வைத்தது அதில் எழுதியிருந்தது அல்ல. அங்கே நியாயமே கிடையாது. இவர்கள் ஏன் அடிமைகள் என்று யாரும் கேட்டதாகவும் இல்லை, யாரும் பதில் சொன்னதாகவும் இல்லை. அரிஸ்ரோட்டிலையாவது யாரோ கேள்வி கேட்டு, எழுந்து நின்று பதில் சொல்ல வைத்தார்கள்.

நேரமாகிவிட்டதாகத் தலைவர் கைக்கடிகாரத்தைப் பார்க்கிறார். ஒரு வேலை மட்டும் மிச்சம்.

பேராதனையில் நான் பாவித்த 'அரசியல்' நூலின் பிரதியை எங்கள் நூலகத்துக்குக் கொண்டுவந்திருக்கிறேன். முதுகு பிரிந்து ஒட்டியிருக்கிறது. ஓரங்களில் பென்சிலால் நிறைய எழுதியிருக்கிறேன். கொடுப்பதற்கு முன் அழித்துத் தரட்டுமா என்று நூலகப் பொறுப்பாசிரியையிடம் கேட்டேன், வேண்டாம் என்றார். பதின்மூன்றாம் அதிகாரத்தில் ஒரே வசனத்தின் கீழ் இரண்டு கோடுகள் இருக்கும். மொத்தமானது முதல் தடவை கீறியது. மெல்லியது இரண்டாம் தடவை. கிரேக்க உரோமன் நாகரிகம் எடுத்த பிள்ளைகள் இந்த ஆண்டு ஆறு பேர் என்று அதிபர் சொன்னார். மிச்சமுள்ள ஓரங்களில் எழுத இடம் இருக்கிறது.